ஆற்றங்கரையின் சாட்சியம்

1908ஆம் ஆண்டு மார்ச் மாதம் 13ஆம் நாள் திருநெல்வேலி நகரில் என்ன நடந்தது என்பதை நாம் இன்று ஓரளவு விரிவாகவே அறிவோம். அதற்கு முதல் நாள் வ.உ.சிதம்பரம் பிள்ளையும் சுப்பிரமணிய சிவாவும் கைது செய்யப்பட்டனர். செய்தி பரவியதும் கடைகள் அடைக்கப்பட்டன. மக்கள் தெருக்களில் திரண்டனர். நகராட்சி அலுவலகம், அஞ்சலகம், காவல் நிலையம் ஆகியவை தாக்குதலுக்கு உள்ளாயின. மண்ணெண்ணெய்க் கிடங்கு தீப்பற்றி எரிந்தது. போலீசார் சுட்டதில் நால்வர் உயிரிழந்தனர். பின்னர் தண்டப் போலீஸ் படை நிறுத்தப்பட்டு, அதன் செலவு ஊர் மக்களின் தலையிலேயே வரியாக ஏற்றப்பட்டது. அதே ஆண்டு ஜூலை 7ஆம் நாள் வ.உ.சி.க்கு இரட்டை ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது.

இவற்றையெல்லாம் நாம் எவ்வாறு அறிந்தோம்? கலெக்டர் மேலிடத்துக்கு எழுதிய கடிதங்களிலிருந்து அறிந்தோம். போலீஸ் அறிக்கைகளிலிருந்தும், நீதிமன்ற ஆவணங்களிலிருந்தும், அக்காலப் பத்திரிகைகளிலிருந்தும் அறிந்தோம். ஆராய்ச்சியாளர்கள் பாடுபட்டுத் தேடி எடுத்துத் தந்த செல்வம் அது. ஆயினும், அந்த ஏடுகள் எவற்றைச் சொல்லவில்லை என்பதையும் நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். மாண்ட நால்வரின் வீடுகளில் அன்றிரவு விளக்கேற்றியவர் யார்? கடைத்தெரு மீண்டும் திறக்க எத்தனை நாள் ஆயிற்று? மேலப்பாளையத்து நெசவாளி நெய்து முடித்த துணியைத் தோளில் சுமந்துகொண்டு 1843இல் கட்டி முடிக்கப்பட்ட சுலோசன முதலியார் பாலத்தைக் கடந்து நகருக்கு வர முடிந்ததா? வந்தவரைப் பாலத்து முனையில் நிறுத்தி விசாரித்தார்களா? தண்ட வரி கட்டுவதற்காக எந்த வீட்டில் எந்த நகை அடகுக்குப் போயிற்று?

இவற்றை எழுதி வைப்பது கலெக்டரின் வேலை அன்று. எழுதி வைத்திருக்கக் கூடியவர்களோ எழுதவில்லை. எனவே, கலகம் நடந்த ஒரு நாள் வரலாற்றில் நிலைத்துவிட்டது. அதன் முன்னும் பின்னும் மக்கள் வாழ்ந்த நாட்கள் மறைந்துவிட்டன.

மோதல்கள் நிகழும் சமுதாயத்தில் முதலில் தொலைந்துபோவது இந்த அன்றாட வாழ்க்கைதான். அதைத் தொலையாமல் காப்பதற்கு இருபதாம் நூற்றாண்டு நமக்கு அளித்த கருவிகளுள் ஒன்று ஆவணப்படம். செய்திப்படம், விவரணப்படம் என்றெல்லாம் பல பெயர்களால் வழங்கப்பட்டு, இப்போது ஆவணப்படம் என்ற பெயரில் நிலைபெற்றுள்ள இக்கலை நம் நாட்டில் எவ்வாறு வளர்ந்தது, நம் தாமிரபரணிக் கரையில் அது ஆற்றிய பணி என்ன, நம் சமுதாயத்துக்கு அதனிடம் என்ன வேலை என்பனவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

தமிழரின் முதல் முயற்சி

திருச்சியில் பணியாற்றிய சாமிக்கண்ணு வின்சென்ட் 1905ஆம் ஆண்டளவில் பிரெஞ்சுக்காரர் ஒருவரிடமிருந்து படக்கருவியை விலைக்கு வாங்கி ஊர் ஊராகக் கொண்டு சென்றார். கூடாரத்தில் மக்கள் கண்ட அந்தச் சலனப் படங்கள் பெரும்பாலும் அயல்நாட்டுக் காட்சிகளே. நம் மக்களின் வாழ்க்கையை நம்மவரே படமெடுத்துத் தொகுத்துக் காட்டும் காலம் வரப் பல ஆண்டுகள் ஆயின.

அந்த வகையில் பெருமைக்குரிய பெயர் ஏ.கே.செட்டியார். செட்டிநாட்டுக் கோட்டையூரைச் சேர்ந்த இவர், 1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள் கப்பற் பயணத்தின் நடுவே காந்தியடிகளைப் பற்றி ஒரு படம் தயாரிக்க வேண்டும் என்று உறுதி கொண்டார். பின்னர் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, பல நாடுகளில் பலரிடம் சிதறிக் கிடந்த 50,000 அடிப் படச்சுருள்களைத் திரட்டினார். 1940 ஆகஸ்டில் சென்னையில் அப்படம் தமிழில் வெளியாயிற்று. பிரிட்டிஷ் ஆட்சி நடந்துகொண்டிருந்த காலத்தில், போர் மூண்டிருந்த வேளையில், தனி மனிதர் ஒருவர் செய்து முடித்த செயல் அது.

ஆனால், அந்தத் தமிழ்ப் படம் முழு வடிவில் இன்று நமக்குக் கிடைக்கவில்லை. 1953இல் அமெரிக்காவில் சுருக்கி உருவாக்கப்பட்ட ஆங்கில வடிவம் பிற்காலத்தில் அந்நாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றிலிருந்து கண்டெடுக்கப்பட்டது. எடுப்பதற்கு ஒருவர் உலகைச் சுற்றினார். காப்பதற்கு ஊரார் ஒரு பெட்டி செய்து வைக்கவில்லை. இந்த வருத்தம் இக்கட்டுரையில் மீண்டும் ஒருமுறை வரும்.

விடுதலைக்குப் பின் 1948இல் மத்திய அரசு பிலிம்ஸ் டிவிஷன் என்னும் துறையை நிறுவியது. கதைப்படம் தொடங்குமுன் செய்திப் படம் ஒன்று காட்டியே தீர வேண்டும் என்பது பல ஆண்டுகள் விதியாக இருந்தது. டூரிங் டாக்கீசின் மணல் தரையில் அமர்ந்து, அணை திறப்பையும் வெள்ள நிவாரணத்தையும் அமைச்சர் வருகையையும் பார்த்த நினைவு நம் வீட்டுப் பெரியவர்கள் பலருக்கு இருக்கும். அத்துறையிலும் திறமைமிக்க கலைஞர்கள் சிலர் இருந்து அரிய படங்களைத் தந்தனர். எனினும், அரசு எடுத்த படத்தில் அரசு பேசிற்று. மக்கள் பெரும்பாலும் கையசைத்தனர். 2022இல் அத்துறை தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டுவிட்டது. மக்கள் தம் வாயால் தம் துயரைச் சொல்லும் படங்கள் வேறிடத்திலிருந்து வர வேண்டியிருந்தது.

ஊரடங்கின் உள்ளே

1984ஆம் ஆண்டு செப்டம்பரில் ஐதராபாத் நகரில் வகுப்புக் கலவரம் மூண்டது. ஆந்திரத்தில் என்.டி.ராமராவின் அமைச்சரவை நீக்கப்பட்டு அரசியல் கொந்தளித்திருந்த நேரம் அது. அக்காலத்தில் தீபா தன்ராஜ் என்னும் அம்மையாரும் அவருடைய தோழர்களும் பழைய நகரின் சந்துகளுக்குள் காமிராவுடன் சென்றனர். 1986இல் வெளிவந்த அப்படத்தின் தலைப்பு, இந்த நகருக்கு என்ன ஆயிற்று என்று பொருள்படும் உருதுத் தொடர்.

இந்தப் படத்தின் சிறப்பு எதில் உள்ளது? கலவரம் என்றதும் நம் கண்முன் வருவது தீயும் கல்லும் ஓடும் கூட்டமும். பத்திரிகைகள் தருவதும் அவற்றையே. இப்படமோ தலைவர்களின் மேடை முழக்கத்தையும் ஊர்வலங்களையும் காட்டியதோடு நிற்காமல், ஊரடங்கு உத்தரவுக்குள் அடைபட்ட வீடுகளுக்குள் சென்றது. அன்றாடம் உழைத்து அன்றாடம் உண்ணும் குடும்பத்துக்குப் பத்து நாள் ஊரடங்கு என்பது என்ன? வண்டி இழுப்பவருக்கு வண்டி இல்லை. கூலிக்குப் போகிறவருக்கு வேலை இல்லை. கைக்குழந்தைக்குப் பால் இல்லை. கத்தியால் இறந்தவர்களைக் கணக்கிட்டுவிடலாம். ஊரடங்கால் கடனாளியானவர்களைக் கணக்கிடுபவர் யார்? வகுப்புக் கலவரத்தைப் பற்றி நம் நாட்டில் எடுக்கப்பட்ட தொடக்ககால ஆவணப்படங்களுள் முதன்மையானதாக அது மதிக்கப்படுகிறது.

அதன் படச்சுருளைப் புதுப்பித்துக் காத்தது யார் தெரியுமா? ஜெர்மனியில் பெர்லின் நகரத்துத் திரைப்பட நிறுவனம் ஒன்று. நம் சகோதரர்களின் துயரம் பெர்லினில் பத்திரமாக இருக்கிறது. செட்டியாரின் படத்துக்கு நேர்ந்ததை எண்ணிப் பார்த்தால், இதற்கு மகிழ்வதா, நாணுவதா என்று நமக்குத் தோன்றவில்லை.

ஆனந்த் பட்வர்த்தன் எடுத்து 1992இல் வெளிவந்த 'ராம் கே நாம்' என்னும் படத்தை நம் வாசகர்களுள் பலர் அறிந்திருக்கக் கூடும். பாபரி மசூதி இடிக்கப்படுவதற்கு முன் எடுக்கப்பட்ட படம் அது. தேசிய விருது பெற்றும் தூர்தர்ஷன் அதை ஒளிபரப்ப மறுத்தது. நீதிமன்றம் தலையிட்ட பின்பே அது வீடுகளுக்கு வந்தது. அப்படத்தில் நம் நெஞ்சைத் தொடுபவர் அயோத்தியின் பூசாரி லால்தாஸ். நீதிமன்ற ஆணைப்படி அக்கோயிலில் பூசை செய்துவந்தவர் அவர். வெறுப்பரசியலுக்குத் தம் சமயத்தின் பெயரால் உடன்பட மாட்டேன் என்று காமிராவைப் பார்த்து அமைதியாகச் சொல்கிறார். 1993 நவம்பரில் அவர் கொலை செய்யப்பட்டார். அந்தப் படம் எடுக்கப்படாதிருந்தால், அப்படியொரு பூசாரி அயோத்தியில் இருந்தார் என்பதை நம் பிள்ளைகளுக்கு எவ்வாறு காட்டுவோம்? இறந்தவர் எண்ணிக்கையை எந்த அறிக்கையும் சொல்லும். இடையில் நின்று தடுக்க முயன்றவரின் முகத்தைக் காட்ட அறிக்கையால் இயலாது.

நெல்லையின் உறவினர் வாழும் தாராவி

பம்பாய்த் தாராவி என்றால் நெல்லைச் சீமையில் அறியாதவர் இல்லை. பஞ்சம் பிழைக்கப் போன தாழ்த்தப்பட்ட மக்களும் நாடார் மக்களும் அங்கே தமிழ்த் தெருக்களை உண்டாக்கினர். தோல் பதனிடும் தொழிலை அங்கே வேரூன்றச் செய்தவர்களுள் தமிழ் முஸ்லிம்கள் குறிப்பிடத்தக்கவர்கள். அங்குள்ள பெரிய பள்ளிவாசல் 1887இல் எழுந்தது என்பர்.

1992 டிசம்பரிலும் 1993 ஜனவரியிலும் பம்பாய் எரிந்தபோது தாராவியும் எரிந்தது. அந்த இரு மாதக் கலவரத்தில் சுமார் 900 பேர் மாண்டனர் என்றும், அவர்களுள் 575 பேர் முஸ்லிம்கள், 275 பேர் இந்துக்கள் என்றும் நீதிபதி ஸ்ரீகிருஷ்ணா விசாரணைக் கமிஷன் தன் அறிக்கையில் பதிவு செய்தது. அந்த அறிக்கை வரலாற்றுக்குப் பெரிய கொடை. ஆனால், அறிக்கை முடிந்த இடத்தில் வாழ்க்கை முடிந்துவிடவில்லை. மறுநாள் காலையில் அதே குழாயடியில், அதே வரிசையில், அதே குடங்களுடன் இரு சமயத்தாரும் நிற்க வேண்டியிருந்தது. யார் முதலில் பேசுவது?

இந்தக் கேள்விக்கு விடை தேடிய படம் 2003இல் வெளிவந்த 'நாதா'. உறவு என்பது அதன் பொருள். பம்பாய் டாடா சமூக அறிவியல் கழகத்தில் ஆசிரியர்களாக இருந்த அஞ்சலி மொன்டேரோ, கே.பி.ஜெயசங்கர் ஆகியோர் எடுத்தது. பாவ் கோர்டே என்னும் இந்து முதியவரும் வக்கார் கான் என்னும் முஸ்லிம் வணிகரும் அதன் நாயகர்கள். அமைதிக் குழுக்களில் இருவரும் சேர்ந்து உழைத்தவர்கள். சிறுவர்களை நான்கு சமயத்தாரைப் போல உடுத்தி நிறுத்திப் படமெடுத்து, நாமெல்லாம் ஒன்று என்று சுவரொட்டி அச்சிட்டு வீதி வீதியாக ஒட்டினர். கேட்பதற்கு எளிய செயல். ஆனால், கல்லெறிந்த தெருவில் முதல் சுவரொட்டியை ஒட்டப் பசைவாளியைத் தூக்கிச் செல்பவருக்கு அது எளிதன்று.

2012இல் வெளிவந்த மற்றொரு படம் பாரூக் மாப்கர் என்பவரைப் பற்றியது. வங்கியில் கடைநிலை ஊழியராக இருந்த அவர், 1993 ஜனவரி 10ஆம் நாள் வடாலா ஹரி மஸ்ஜிதில் போலீசார் சுட்டபோது குண்டடி பட்டவர். அவர் மீதே வழக்கு தொடரப்பட்டது. காயத்தோடும் வழக்கோடும் வேலைக்குப் போய்வந்து, ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கினார். பழி வாங்க எண்ணாமல், உண்மை பதிவாக வேண்டும் என்பதற்காகவே ஒருவர் பொறுமையுடன் (ஸப்ருடன்) நடத்திய போராட்டத்தை அப்படம் காத்துவைத்திருக்கிறது.

1999 ஜூலை 23

இனி நம் ஊருக்கு வருவோம். மணிமுத்தாற்றுக்கு மேலே, மலைமீது மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி என்னும் தேயிலைக் குடியிருப்புகள் உள்ளன. சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து 8,374 ஏக்கர் நிலத்தை 1929இல் 99 ஆண்டுக் குத்தகைக்குப் பெற்றுப் பாம்பே பர்மா வணிக நிறுவனம் அங்கே தோட்டம் அமைத்தது. மூன்று, நான்கு தலைமுறைகளாக மக்கள் அந்தக் குளிரிலும் அட்டைக்கடியிலும் கொழுந்து பறித்து வாழ்ந்தனர்.

1990களின் இறுதியில் கூலி உயர்வு கேட்டு அவர்கள் போராடினர். பலர் கைதாகிச் சிறையில் அடைக்கப்பட்டனர். அவர்களை விடுவிக்க வேண்டும், கூலியை உயர்த்த வேண்டும் என்ற கோரிக்கைகளுடன் 1999 ஜூலை 23ஆம் நாள் புதிய தமிழகம் முதலிய கட்சிகள் நடத்திய ஊர்வலம், கொக்கிரகுளத்திலுள்ள கலெக்டர் அலுவலகத்தை நோக்கிச் சென்றது. அலுவலகம் ஆற்றங்கரையில் உள்ளது. அங்கே போலீசார் தடியடி நடத்தினர். ஒரு பக்கம் தடி, மறு பக்கம் ஆறு. மக்கள் ஆற்றில் இறங்கினர். 17 பேர் உயிரிழந்தனர். அவர்களுள் இரு பெண்களும் ஒன்றரை வயதுக் குழந்தையும் அடங்குவர். நீதிபதி மோகன் தலைமையில் விசாரணைக் கமிஷன் அமைந்தது. அதன் அறிக்கை பாதிக்கப்பட்டோருக்கு ஆறுதல் தரவில்லை.

அப்போது நெல்லையில் காஞ்சனை என்னும் திரைப்பட இயக்கம் இயங்கிவந்தது. நல்ல படங்களைத் தருவித்து ஊராருக்குக் காட்டிவந்த இயக்கம் அது. அதன் அமைப்பாளர் ஆர்.ஆர்.சீனிவாசன் இந்நிகழ்ச்சியைப் பற்றி 'நதியின் மரணம்' என்னும் ஆவணப்படத்தை அதே ஆண்டில் எடுத்தார். ஆற்றங்கரையில் நிகழ்ந்த தாக்குதலின் காட்சிகளும், உயிர் பிழைத்தோரின் வாக்குமூலங்களும் அதில் தொகுக்கப்பட்டன. தமிழ்நாட்டின் பல ஊர்களில் அது திரையிடப்பட்டது. திரையரங்கு தேவைப்படவில்லை, ஒரு கூடம், ஒரு வெள்ளைத் துணி, சில நாற்காலிகள் போதுமாயிருந்தன.

1908க்கும் 1999க்கும் உள்ள வேறுபாட்டை இங்கே காணலாம். இரண்டும் ஒரே ஊர். இரண்டிலும் போலீசார், இரண்டிலும் விசாரணை, இரண்டிலும் அரசின் அறிக்கை. ஆனால், 1908இல் அரசின் ஏட்டுக்கு எதிரே வைக்க மக்களிடம் ஓர் ஏடு இல்லை. 1999இல் இருந்தது. அதை ஏற்பவர் ஏற்கலாம், மறுப்பவர் மறுக்கலாம். ஆனால் இல்லை என்று சொல்ல முடியாது. படத்தின் தலைப்பிலும் ஒரு பொருத்தம் உண்டு. குளிப்பதற்கும் துவைப்பதற்கும் குடிப்பதற்கும் பயிருக்கும் உரிய ஆறு அன்று அச்சத்தின் இடமாயிற்று. அன்றாட வாழ்வின் நடுவே மோதல் நுழைந்ததற்கு அதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

அதே காலத்தில் மதுரையிலும் இம்முயற்சி வளர்ந்தது. ஆர்.பி.அமுதன் 1998 முதல் அங்கே ஆவணப்பட, குறும்பட விழாவை நடத்திவந்தார். 2003இல் அவர் எடுத்த 'பீ' என்னும் படம் துப்புரவுத் தொழிலாளிப் பெண்மணி ஒருவர் காலையில் ஒரு தெருவைச் சுத்தம் செய்வதைக் காட்டுகிறது. அதில் கலவரம் இல்லை, துப்பாக்கி இல்லை. ஒரு பெண், ஒரு துடைப்பம், நாம் மூக்கைப் பொத்திக் கடந்துபோகும் ஒரு சந்து. சத்தமில்லாமல் நாள்தோறும் நடக்கும் மோதலும் உண்டு என்பதை அப்படம் உணர்த்திற்று.

மாஞ்சோலையின் கதை பின்னர் என்னவாயிற்று? குத்தகை 2028இல் முடிவுறும் நிலையில், 2024இல் நிறுவனம் தோட்டத்தை விட்டு வெளியேற முற்பட்டுத் தொழிலாளர்களுக்கு விருப்ப ஓய்வை அறிவித்தது. தோட்டத்தை அரசே ஏற்று நடத்த வேண்டும் என்ற கோரிக்கையைச் சென்னை உயர்நீதிமன்றம் அவ்வாண்டு டிசம்பரில் ஏற்கவில்லை. காடு காடாகவே திரும்ப வேண்டும் என்பதில் நியாயம் உண்டு. அங்கேயே பிறந்து வளர்ந்தவர் எங்கே போவார் என்ற கேள்வியிலும் நியாயம் உண்டு. நாம் இங்கே சொல்ல வருவது ஒன்றுதான். ஒரு மலையில் ஒரு நூற்றாண்டுக் காலம் நடந்த வாழ்க்கை, அதன் பேச்சு, அதன் பண்டிகை, அதன் பள்ளிக்கூடம், கொழுந்துக் கூடையின் வார் பதிந்த முதுகுகள் ஆகியவை நம் காலத்திலேயே நினைவாக மாறுகின்றன. 1999ஐப் பதிவு செய்தது போல இதையும் பதிவு செய்தவருக்கு வரலாறு கடமைப்பட்டிருக்கும்.

படத்துக்கும் வேண்டும் இஸ்னாது

2018 மே மாதத்தில், தாமிரபரணி கடலில் கலக்கும் தூத்துக்குடி மாவட்டத்தில், ஸ்டெர்லைட் ஆலைக்கு எதிரான போராட்டத்தின்போது போலீசார் சுட்டதில் 13 பேர் மாண்டனர். இம்முறை காமிராவுக்குப் பஞ்சமில்லை. ஒவ்வொருவர் கையிலும் செல்போன் இருந்தது. ஆயிரக்கணக்கான துண்டுக் காட்சிகள் மணிக்கணக்கில் நாடெங்கும் பறந்தன.

ஒருபுறம் இது பெரிய வளர்ச்சிதான். மறுபுறம் ஒரு புதிய துன்பமும் பிறந்தது. எந்தக் காட்சி எங்கே, எப்போது, யாரால் எடுக்கப்பட்டது என்பது தெரியாமல் போயிற்று. வேறொரு நாட்டில் எடுத்த காட்சியை நம் ஊரில் நடந்தது என்று அனுப்புவோரும், பழைய கலவரத்தைப் புதிது என்று பரப்புவோரும் பெருகினர். அவ்வாறு பரவிய பொய்க்காட்சிகளால் அப்பாவிகள் தாக்கப்பட்டதை நாம் கண்டோம். நம் சமுதாயம் அதன் கசப்பை மற்றவரைவிடக் கூடுதலாகவே சுவைத்திருக்கிறது.

இந்நோய்க்கு மருந்து நம் மரபிலேயே உண்டு. நபிமொழிகளைத் திரட்டிய பெருமக்கள் செய்தியை மட்டும் கேட்டு ஏற்றுக்கொள்ளவில்லை. சொன்னவர் யார், அவர் யாரிடம் கேட்டார், இருவரும் ஒரு காலத்தில் வாழ்ந்தவர்களா, நினைவாற்றல் உடையவர்களா, நேர்மையாளர்களா என்று அறிவிப்பாளர் வரிசை முழுவதையும் ஆராய்ந்தனர். இஸ்னாது என்னும் அந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி பழுதாயிருந்தாலும் செய்தியின் தரத்தைக் குறைத்து வைத்தனர். ஒருவன் கொண்டுவரும் செய்தியைத் தீர விசாரிக்குமாறு நம் மார்க்கம் கட்டளையிட்டிருக்கிறது. நீதிக்குச் சாட்சி சொல்லும்போது அது நமக்கே பாதகமானாலும், பெற்றோருக்கும் உறவினருக்கும் பாதகமானாலும், பின்வாங்கக் கூடாது என்பதும் மார்க்கத்தின் கட்டளையே.

ஒரு நல்ல ஆவணப்படம் இந்த இரு கட்டளைகளையும் தன் வழியில் நிறைவேற்றுகிறது. எடுத்தவர் தம் பெயரை வெளியிடுகிறார். இடத்தையும் நாளையும் சொல்கிறார். பேசுபவரை முழுவதும் பேச விடுகிறார். எதிர்த்தரப்பின் சொல்லையும் கேட்கிறார். தவறு செய்தால் அவரைக் கேள்வி கேட்க இயலும். பெயரற்று வந்து பெயரற்றுப் போகும் துண்டுக் காட்சியிடம் யார் கேள்வி கேட்பது? ஆகவே, ஒரு படத்தைப் பார்க்கும் நம் பிள்ளைகள் சில கேள்விகளைக் கேட்கப் பழக வேண்டும். காமிரா எந்தப் பக்கத்தில் நின்றது? இதற்கு முன் நடந்தது என்ன? வெட்டப்பட்ட பகுதியில் என்ன இருந்தது? பேச அழைக்கப்படாதவர் யார்?

நம் பங்கு என்ன?

மேலே சொன்ன படங்களுள் நம் சமுதாயத்தாரின் துயரைச் சொல்பவை பல. அவற்றை எடுத்தவர்களின் பெயர்களைத் திரும்பிப் பாருங்கள். பெரும்பாலோர் நம்மவர் அல்லர். நம் துயருக்காகத் தம் உழைப்பையும் பொருளையும் செலவிட்ட அந்த நல்லவர்களுக்கு நாம் நன்றி உடையவர்கள். ஆனால், நம் வீட்டு நிகழ்ச்சிகளை எப்போதும் அடுத்த வீட்டாரே எழுதிக்கொண்டிருப்பது நமக்குப் பெருமையா?

ஐதராபாத் படத்தை எடுத்த அதே தீபா தன்ராஜ், 2011இல் நம் தமிழ்நாட்டுக்கு வந்து, புதுக்கோட்டையை மையமாகக் கொண்டு தாவூத் ஷரீபா கானம் தொடங்கிய பெண்கள் ஜமாஅத்தைப் பற்றி ஒரு படம் எடுத்தார். தலாக்கும் வரதட்சணையும் தந்த துன்பங்களை நம் பெண்கள் அதில் தமிழில் பேசுகின்றனர். அந்த அமைப்பைப் பற்றி நம்மிடையே இரு கருத்துகள் உண்டு, இருக்கட்டும். ஆனால், அப்பெண்களின் சொற்களை முதலில் கேட்டிருக்க வேண்டியவர்கள் யார்? அந்தக் கேள்வி நம்மை உறுத்தத்தான் செய்கிறது.

உருவப்படம் கூடுமா, கூடாதா என்பதில் ஆலிம்களிடையே கருத்து வேறுபாடு இருந்துவந்துள்ளது. அதில் தீர்ப்புச் சொல்ல நாம் முன்வரவில்லை. தயங்குவோர் குரலை மட்டும் பதியலாம். எழுத்தில் குறித்து வைக்கலாம். ஆனால், எதையுமே செய்யாமல் இருப்பதற்கு அந்தக் கருத்து வேறுபாட்டைச் சாக்காகக் கொள்ளல் ஆகாது. திருமண வீட்டில் மூன்று வீடியோக்காரர்களை நிறுத்தும் நாம், வீட்டுப் பாட்டியின் வாய்மொழியைப் பதிய ஒருவரையும் அழைப்பதில்லை என்பதை எண்ணினால் உண்மை விளங்கும்.

மேலப்பாளையத்தை எடுத்துக்கொள்வோம். வெளியூர்ப் பத்திரிகைகளில் அப்பெயர் வருவதெல்லாம் பெரும்பாலும் சோதனை, கைது, பதற்றம் என்னும் சொற்களோடுதான். அந்தச் செய்திகளைப் படிக்கும் ஒருவர் அங்கே மனிதர் வாழ்கிறார்கள் என்பதையே மறந்துவிடக் கூடும். கைத்தறி ஓசை ஒரு காலத்தில் வைகறைத் தொழுகை முடிந்ததும் தெருவெங்கும் எழுந்த ஊர் அது. தறி ஓய்ந்த வீடுகளில் பெண்கள் பீடித் தட்டை மடியில் வைத்து, இலை வெட்டி, தூள் நிரப்பி, நூல் சுற்றிக் குடும்பம் காத்தனர். பிள்ளைகளைச் சதக்கத்துல்லாஹ் அப்பா கல்லூரிக்கு அனுப்பினர். வெளிநாட்டிலிருந்து வரும் தந்தையின் குரலைத் தொலைபேசியில் மட்டும் கேட்டு வளர்ந்த பிள்ளைகளும் அங்கே உண்டு. சந்தேகத்தின் நிழல் ஒரு தெருவின் மீது விழும்போது, அத்தெருவில் காலையில் எழுந்து வேலைக்குப் போவது எப்படி இருக்கும், வேறூரில் வாடகை வீடு கேட்கும்போது ஊர்ப்பெயரைச் சொல்வது எப்படி இருக்கும் என்பதை அங்கு வாழ்ந்தவரே சொல்ல முடியும். அது பதிவாகாதவரை, செய்தித்தாள் தலைப்பே அந்த ஊரின் வரலாறாக நிற்கும்.

இதற்குப் பெரும் பொருள் தேவையில்லை. நம் கல்லூரிகளில் காட்சித் தொடர்பியல் பயிலும் மாணவர்கள் உண்டு. ஒவ்வொரு ஜமாஅத்தும் ஆண்டுக்குப் பத்துப் பெரியவர்களின் வாழ்க்கையைப் பதிவு செய்யுமாறு இரு மாணவர்களைக் கேட்கலாம். தறி எப்போது ஓய்ந்தது, கலவரக் காலத்தில் அண்டை வீட்டு இந்துச் சகோதரர் செய்த உதவி என்ன, நாம் அவருக்குச் செய்தது என்ன, நம்மவர் செய்த தவறு என்ன என்பனவற்றையும் மறைக்காமல் கேட்க வேண்டும். நமக்குப் பாதகமானதை நீக்கிவிட்ட பதிவு சாட்சியம் ஆகாது, அது விளம்பரமாகும். பதிந்ததை நாளும் பெயரும் குறித்து, பள்ளிவாசல் நூலகத்தில் ஒரு படியும் கல்லூரி நூலகத்தில் ஒரு படியுமாகக் காக்க வேண்டும். இன்னொரு பெர்லின் நமக்கு எப்போதும் வாய்க்கும் என்று எண்ணியிருக்கலாகாது.

1908இல் மாண்ட நால்வரின் வீடுகளில் அன்றிரவு என்ன பேசினார்கள் என்பதை இனி எந்த ஆராய்ச்சியாளரும் கண்டுபிடிக்கப் போவதில்லை. அந்த வாசல் அடைபட்டுவிட்டது. 1992ஐக் கண்டவர்களும், 1999இல் ஆற்றங்கரையில் நின்றவர்களும் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அவர்களுக்கு வயதாகிக்கொண்டிருக்கிறது. மஃரிபுத் தொழுகைக்குப் பின் திண்ணையில் அமர்ந்து அவர்கள் பேசும்போது அருகில் அமர்ந்து கேட்க நம் வீட்டு இளைஞர் ஒருவருக்கு நேரம் இருக்குமானால், வேலை இன்றே தொடங்கிவிடும். அந்த நற்பணியை ஏற்று நிறைவேற்ற வல்ல அல்லாஹ் நமக்கு அருள்புரிவானாக!